சீசா மட்டும் எங்களுடையது

நான் முதன்முதலில் எழுத்துக் கூட்டி வாசித்தது என் பெயரைத்தான். அது ஒரு சீசாவின் வயிற்றில் இருந்தது. பச்சைக் கண்ணாடியில் புடைத்துக்கொண்டு நிற்கும் எழுத்து. கண்ணை மூடிக்கொண்டு விரலால் தடவினாலும் வாசிக்கலாம். நான் பிறந்த வருஷம் அப்பா திருமுல்லைவாயில் ரயில்வே ஸ்டேஷனுக்குப் பின்னால் ஒரு தகரக் கொட்டகையை வாடகைக்குப் பிடித்து ஜிஞ்சர் பீர் போட ஆரம்பித்தார். பெயர் என்ன வைக்கலாம் என்று யோசிக்கவே இல்லையாம். ஞானஸ்நானத்தில் எனக்கு வைத்த பெயரை அப்படியே கொண்டுபோய்க் கண்ணாடி ஃபேக்டரியில் சொல்லி, அச்சில் வார்த்து, லாரியில் சீசாக்களோடு வந்து இறங்கினாராம். அந்தப் பெயரை இங்கே எழுத மாட்டேன். பயம் ஒன்றும் இல்லை. வெறுப்புதான்.

பீர் என்றதும் முகத்தைச் சுளிக்காதீர்கள். போதை கீதை எதுவும் கிடையாது. இஞ்சியை நசுக்கிக் கொதிக்க வைத்து, சர்க்கரையும் எலுமிச்சையும் சேர்த்து, ஈஸ்ட் போட்டு, அண்டாவில் வெள்ளைத் துணியைக் கட்டிப் புளிக்க விடுவார்கள். அப்புறம் சீசாவில் ஊற்றி மூடி அடித்துவிட்டால் உள்ளேயே தானாக கேஸ் பிடிக்கும். மற்ற சோடாக்காரர்கள் சிலிண்டரிலிருந்து கேஸ் ஏற்றுவார்கள். அப்பாவுக்கு அதைப் பார்த்தாலே இளப்பம். "அது காத்து ஊதற பலூன்மா, நம்முது உசுரு கீற சரக்கு" என்பார். சீசாவைக் காதோரம் வைத்து லேசாகச் சாய்த்துக் கேட்பார். என்ன கேட்குமோ, எனக்கு ஒரு நாளும் கேட்டதில்லை. "இன்னும் ஒரு ராத்திரி போவட்டும்" என்று வைத்துவிடுவார்.

ஒரு முறை போலீஸ் ஸ்டேஷனுக்குப் புதிதாக வந்த கான்ஸ்டபிள் ஒருவர் லத்தியோடு வந்து நின்றார். "இன்னாய்யா, பட்டப்பகல்ல பீர் காச்சறியாமே?" அப்பா ஒரு சீசாவின் மூடியைத் திறந்து கொடுத்தார். அது பொங்கி அவர் சட்டையெல்லாம் நனைந்தது. மிச்சத்தைக் குடித்துவிட்டு ஒரு ஏப்பம் விட்டார் பாருங்கள், கொட்டகைத் தகரமே அதிர்ந்தது. அதற்கப்புறம் சனிக்கிழமை தவறாமல் வந்தார்.

அம்பத்தூர் எஸ்டேட்டில் ஷிஃப்ட் முடிந்து வருகிறவர்கள், ஆவடி குவார்ட்டர்ஸ்காரர்கள், பூந்தமல்லி வரைக்கும் பெட்டிக்கடைகள், சர்ச் கல்யாணங்கள். எங்கே போனாலும் ஐஸ் தொட்டியில் நான்தான் மிதந்துகொண்டிருப்பேன். பள்ளிக்கூடத்தில் நான் கொஞ்சம் முறைத்தால் போதும், "ஏய், குலுக்காதீங்கடி, பொங்கிடப் போறா!" என்று பெஞ்சுக்குப் பெஞ்சு சிரிப்பு. பொங்கத்தான் செய்தேன். ஒருத்தியின் ஜடையைப் பிடித்து இழுத்து ஹெட்மிஸ்ட்ரஸ் முன்னால் போய் நின்றிருக்கிறேன். ஆனால் உள்ளுக்குள் எவ்வளவு பெருமை எனக்கு! ஊரில் வேறு எவளுடைய பெயரைச் சொல்லி, "ஜில்லுனு ஒண்ணு குடுப்பா" என்று கேட்டார்கள்?

எங்கள் தொழிலில் ஒரு வழக்கம் உண்டு. அதைச் சொல்லாவிட்டால் பின்னால் நடந்தது புரியாது. கடைக்காரன் காலி சீசாவைத் திருப்பித் தரும்போது யாருடைய சீசா என்று பார்க்க மாட்டான். எங்கள் பெட்டியில் பூந்தமல்லி பன்னீர் சோடாவின் சீசா வரும், அவர்கள் பெட்டியில் எங்களுடையது போகும். அதனால் திங்கட்கிழமை மத்தியானம் இந்தப் பக்கத்துச் சோடாக்காரர்கள் எல்லோரும் வேலப்பன்சாவடியில் ஹைவே ஓரமாகக் கூடுவார்கள். அவரவர் மீன்பாடி வண்டியில், அதாவது பெட்டி ஏற்றுகிற மூன்று சக்கர வண்டியில், அடுத்தவன் சீசாவைக் கொண்டுவந்து இறக்கிவிட்டுத் தங்களுடையதை ஏற்றிக்கொள்வார்கள். எழுத்து கிடையாது, கையெழுத்து கிடையாது. ஒரு டீ, கொஞ்சம் வம்பு, அவ்வளவுதான். கண்ணாடியில் பெயரை வார்ப்பதே இதற்காகத்தான், யாருடையது என்று தடவிப் பார்த்துப் பிரிப்பதற்கு. தெரியாமல்கூட அப்பா மற்றவன் சீசாவில் சரக்கு ஊற்ற மாட்டார். "அடுத்தவன் சீசால ஊத்தறவன் சோடாக்காரன் இல்ல, திருடன்" என்பார். உள்ளே இருக்கிற சரக்குகூட அவருக்கு அப்புறம்தான். சீசா வைத்திருக்கிறவன்தான் சோடாக்காரன்.

தொண்ணூறுகளின் ஆரம்பத்தில் அந்தக் கம்பெனி வந்தது. ஆபீஸ் பம்பாயில், முதலாளி கடல் தாண்டி எங்கேயோ. முதலில் கடைகளுக்கெல்லாம் சிவப்புக் கலரில் ஐஸ் பெட்டி இலவசமாகக் கொடுத்தார்கள். அதில் அவர்கள் சரக்கைத் தவிர வேறு எதையும் வைக்கக் கூடாது. கடைக்காரனுக்கு என்ன, ஓசியில் வந்தது, பல்லை இளித்துக்கொண்டு வாங்கி வைத்தான். அடுத்து அவர்கள் லாரி வந்து கடையில் இருந்த காலி சீசாவை எல்லாம், எவனுடையது என்று பார்க்காமல் வாரிக்கொண்டு போயிற்று. திங்கட்கிழமை வேலப்பன்சாவடிக்கு அவர்கள் வரவில்லை. அடுத்த திங்கட்கிழமையும் வரவில்லை. அப்பாவும் மற்றவர்களும் ரோட்டைப் பார்த்தபடி டீயை ஆற வைத்துக்கொண்டு நின்றிருக்கிறார்கள்.

அண்டாவில் சரக்கு புளித்துத் தயாராக நிற்கிறது, ஊற்ற சீசா இல்லை. அந்தக் கோடையில் அண்டா அண்டாவாகச் சாக்கடையில் கொட்டினோம். தெருவே இஞ்சி மணத்தது. அம்மா வாசலில் உட்கார்ந்து தலையில் அடித்துக்கொண்டு அழுதாள். அம்மா அப்படி அழுது அதற்கு முன் நான் பார்த்ததில்லை.

மழைக்காலம் முடிகிற சமயத்தில் எங்கள் வண்டிக்காரர்தான் துப்புக் கொண்டுவந்தார். ஆரம்பத்திலிருந்து அப்பாவோடு இருந்தவர். "அண்ணாத்தே, குத்தம்பாக்கம் ரோட்டாண்ட அவனுங்க குடோன் கீது. காம்பவுண்டுக்குப் பின்னால நம்ம சீசா மலையாட்டம் குமிஞ்சி கெடக்குது. பாப்பா பேரு எல்லாம் மண்ணுல கெடக்குதுண்ணா." அப்பா சட்டையைக்கூட மாற்றாமல் வண்டியில் ஏறி உட்கார்ந்தார்.

குடோனில் டை கட்டின ஆபீசர் ஒருவன், தமிழ்ப் பையன்தான், நாற்காலி போட்டு, டீ வரவழைத்து, ரொம்ப மரியாதையாகப் பேசினானாம். "சார், சீசாவுக்கு எதுக்கு சார் அலையுறீங்க? உங்க பிராண்டை எங்ககிட்ட குடுத்துடுங்க. பேரை ஊர் பூரா கொண்டுபோறோம்." மற்ற சோடாக்காரர்களில் பாதிப் பேர் ஏற்கெனவே கொடுத்திருந்தார்கள். மீதிப் பேர் பூட்டிவிட்டார்கள்.

அப்பா நாலு நாள் யோசித்தார். அப்புறம் அவர் செய்த காரியத்தை ஒரு சோடாக்காரனைத் தவிர உலகத்தில் வேறு எவனும் செய்திருக்க மாட்டான். பெயரை விற்றார், சீசாவைக் கேட்டு வாங்கிக்கொண்டார்.

வீட்டுக்கு வந்தபோது முகமெல்லாம் சிரிப்பு. "சும்மா மடக்கிட்டேன்டி அவன! பேருதான வேணும், எடுத்துகினு போ, ஆனா என் சீசா ஒண்ணு விடாம என் கொட்டாயில வந்து எறங்கணும்னேன். தாராளமா சார்னு சிரிச்சிக்கினே ஒத்துக்கினான், மடையன். பேரு இன்னா பேரு, காத்து! சீசா இருந்தா நாளைக்கே வேற பேருல போடுவேன்."

"பெத்த பொண்ணு பேரை வித்துட்டு வந்து நிக்கிறீங்களே, கூசலியா உங்களுக்கு?" என்றாள் அம்மா.

நான் அப்போது காலேஜில் முதல் வருஷம். "என்னை ஒரு வார்த்தை கேட்டீங்களா?" என்று கத்தினேன். அப்பா என் கன்னத்தைத் தட்டினார். "உன் பேரு உன்கிட்டதான கீது, எவன் தூக்கினு போயிட்டான்?"

ஒரு விஷயம்தான் அவருக்கு உறுத்தியிருக்கிறது. சாப்பிடும்போது சொன்னார். பத்திரத்தில் கையெழுத்துப் போட்டதும், எப்படிப் போடுவது என்று சொல்லிக் கொடுக்க வேண்டுமே என்று இஞ்சி எவ்வளவு, எத்தனை நேரம் என்றெல்லாம் ஆரம்பித்தாராம். ஆபீசர் கையைக் காட்டி நிறுத்திவிட்டான். "அதெல்லாம் வேணாம் சார், எங்ககிட்ட எசன்ஸ் இருக்கு." இதைச் சொல்லிவிட்டு அப்பா சாதத்தைப் பிசைந்துகொண்டே இருந்தார். வாயில் வைக்கவில்லை.

சீசாக்கள் லாரி லாரியாக வந்தன. கொட்டகை கூரை வரைக்கும் அடுக்கினோம். அப்பாவும் வண்டிக்காரரும் துண்டைத் தலையில் கட்டிக்கொண்டு கல்யாண வீடு மாதிரி சத்தம் போட்டுக்கொண்டு இறக்கினார்கள். கண்ணாடியில் இருந்த எழுத்தைப் பற்றி யாருமே நினைக்கவில்லை, படித்த நானும்தான். பார்த்துப் பார்த்து அது எழுத்து என்பதே எங்களுக்கு மறந்து போயிருந்தது. எங்கள் சீசா என்பதற்கு அது ஒரு அடையாளம், அவ்வளவுதான்.

புதுச் சரக்குக்கு அம்மாவின் பெயரை வைக்கலாம் என்றார் அப்பா. "ஐயோ சாமி, ஆளை விடுங்க. என் பேரையும் விக்கறதுக்கா?" என்று அம்மா கும்பிட்டுவிட்டாள். கடைசியில் ஒரு சேவல் படம் போட்ட காகித லேபிளை அச்சடித்து, மைதா பசை காய்ச்சி, என் பெயருக்கு மேலேயே ஒட்டினோம். கடைக்காரர்கள் சிவப்புப் பெட்டிக்குப் பயந்துகொண்டு பழைய ஐஸ் தொட்டியைப் பின்பக்கம் வைத்து விற்றார்கள். ஐஸ் தண்ணீரில் மைதா பசை எத்தனை நேரம் நிற்கும்? சேவல் உரிந்து தண்ணீரில் மிதந்தது, அடியில் நான் பளிச்சென்று நின்றேன்.

ஒரு வேன் வந்து வாசலில் நின்றது. டை கட்டின ஆபீசர் இறங்கினான், கூடவே எங்கள் சனிக்கிழமை கான்ஸ்டபிள். அவர் அப்பாவின் முகத்தைப் பார்க்காமல் தரையைப் பார்த்தார். "தப்பா நெனைக்காத நைனா, மேலெடத்து ஆர்டர். நான் இன்னா பண்றது?"

"சார், நீங்க லேபிள் எது வேணா ஒட்டுங்க," என்றான் ஆபீசர். "ஆனா கண்ணாடியில எங்க பேரு இருக்கே."

"உங்க பேரா?" அப்பா என்னைக் கையைப் பிடித்து இழுத்து அவன் முன்னால் நிறுத்தினார். "தோ நிக்குது பாரு, இத்தோட பேருயா அது. என் பொண்ணு பேரு!"

அவன் என்னைப் பார்த்து, "ஸாரி மேடம்," என்றான். அந்த மேடத்தை நினைத்தால் இன்றைக்கும் எனக்கு உடம்பு பற்றி எரிகிறது. அவன் கையில் என் பெயர். எங்கள் கையில் எங்கள் சீசா. அவன் அனுமதி இல்லாமல் அதில் பச்சைத் தண்ணீரைக்கூட நிரப்பி விற்க முடியாது. இன்னொரு முறை கடையில் பார்த்தால் எல்லாவற்றையும் பறிமுதல் செய்து உடைத்துவிடுவோம் என்று சொல்லிவிட்டுப் போனான். தாராளமா சார் என்று ஏன் சிரித்தான் என்பது அன்றைக்குத்தான் எங்களுக்கு உறைத்தது.

அப்பா நேரே கண்ணாடி ஃபேக்டரிக்கு ஓடினார். புதுச் சீசா அடுத்த மழைக்காலத்துக்கு முன்னால் கிடைக்காது, உலை பூராவும் அந்தக் கம்பெனியே எடுத்துக்கொண்டிருக்கிறது என்றார்கள். பெயருக்கு வாங்கின காசு கண்ணாடிக் கடனுக்கும் கொட்டகைக்கும் போய்விட்டிருந்தது. கோடை போனால் சோடாக்காரனுக்கு வருஷமே போன மாதிரி. அன்றைக்கு வீட்டில் யாரும் விளக்குப் போடவில்லை. அப்பா இருட்டில் உட்கார்ந்து, "என் கையால நானே கழுத்தறுத்துக்கினேன்" என்று சொல்லிக்கொண்டே இருந்தார். அம்மா திட்டுவாள் என்று எதிர்பார்த்தேன், திட்டவில்லை. அதுதான் எனக்குப் பயமாக இருந்தது.

காலையில் அப்பா கையில் ஒரு சாணைக்கல் இருந்தது. "தேச்சி எடுத்துடலாம்," என்றார்.

அப்படித்தான் எங்கள் குடும்பம் என் பெயரைத் தேய்க்க உட்கார்ந்தது. எஸ்டேட்டில் ஒரு பட்டறைக்காரரிடமிருந்து பழைய சாணை மெஷினை இரவல் வாங்கினார் அப்பா. அவர் மெஷினில் எழுத்தின் புடைப்பை எடுப்பார். வண்டிக்காரர் தண்ணீர் ஊற்றுவார். அம்மாவும் நானும் ஈரத்துணியை மூக்கில் கட்டிக்கொண்டு உப்புத்தாளால் மிச்சத்தைத் தேய்த்து வழவழப்பாக்குவோம். எவ்வளவு தேய்த்தாலும் பால் சிந்தின மாதிரி ஒரு வெள்ளைத் திட்டு நிற்கும். விரல் நுனியெல்லாம் தோல் போய் ரத்தம் கசிந்தது. காலேஜில் நோட்டைப் பிடிக்க முடியவில்லை. சாதத்தில் கண்ணாடித் தூள் இருக்குமோ என்று அம்மா மூன்று தடவை அரிசி களைவாள்.

ஒரு சாயங்காலம் என்னால் முடியவில்லை. கையில் இருந்ததைச் சுவரில் வீசி உடைத்துவிட்டேன். "போதும்ப்பா! என் பேரை நானே எத்தனை நாள் தேய்க்கறது? எஸ்டேட்ல எந்தக் கம்பெனியிலயாவது வேலைக்குப் போங்களேன்!"

அப்பா மெஷினை நிறுத்தினார். அவருக்குக் கோபம் வரவில்லை. கெஞ்சினார். என்னிடம் அவர் கெஞ்சியது அந்த ஒரு தடவைதான். "ஈஸ்டர் வரைக்கும் பொறுத்துக்கோ கண்ணு. ஆவடி சர்ச்சுல அதிகாலை ஆராதனை முடிஞ்சி சபைக்கு நம்ம சரக்குதான்னு போதகர் ஐயரு சொல்லிட்டாரு. அத்தினி பேரும் குடிச்சிப் பார்த்தா கடைக்காரன் தானா வருவான். ஈஸ்டருக்கு நின்னா நாம நின்னோம். இல்லாங்காட்டி எனக்கு இன்னா தெரியும் சொல்லு? இது ஒண்ணுதாம்மா தெரியும்." நான் அடுத்த சீசாவை எடுத்தேன்.

தேய்த்த சீசா கேஸைத் தாங்குமா என்று அப்பா பார்க்காமல் இல்லை. ஒரு பெட்டியை நிரப்பி வைத்து ஒவ்வொரு நாளும் விடிகாலையில் போய்க் காதில் வைத்துக் கேட்டார். ஒன்றுகூட உடையவில்லை. "நிக்குதுடி! கல்லாட்டம் நிக்குது!" என்று ஓடிவந்து அம்மாவிடம் சொன்னார். அது மாசி மாதம், காலைக் குளிர். வெயில் ஏறினால் உள்ளே கேஸும் ஏறும் என்று யோசிக்க எங்களில் யாருக்கும் தெம்பு இல்லை. ஈஸ்டருக்கு முந்தின வியாழக்கிழமை எல்லாவற்றையும் நிரப்பி மூடி அடித்து, பெட்டிகளைக் கூரை வரைக்கும் அடுக்கினோம்.

பெரிய வெள்ளி அன்று பகல் பன்னிரண்டிலிருந்து மூன்று மணி வரை கொட்டகைக்குப் பக்கத்தில் இருக்கும் சர்ச்சில் ஆராதனை. அந்த வருஷம் சித்திரை பிறப்பதற்கு முன்பே கத்திரி மாதிரி வெயில். எல்லோரும் வெள்ளை உடுத்திக்கொண்டு, ஃபேன் சுற்றியும் வேர்த்து வழிய உட்கார்ந்திருந்தோம். சிலுவையில் ஆண்டவர் சொன்ன ஏழு வார்த்தைகளில் போதகர் நான்காவதுக்கு வந்திருந்தார். தெருவிலிருந்து ஒரு வெடிச் சத்தம். யாரோ பையன்கள் பட்டாசு விடுகிறார்கள் என்று பின்பக்கம் முணுமுணுத்தார்கள். பெரிய வெள்ளி அன்றைக்கு எவன் பட்டாசு விடுவான்? ஆண்கள் பக்கத்தில் அப்பா எழுந்து நின்றுவிட்டார். இரண்டாவது சத்தம் வந்தபோது அவர் செருப்பைக்கூடப் போடாமல் வாசலைத் தாண்டியிருந்தார்.

அம்மாவும் நானும் கொட்டகைக்குப் போய்ச் சேர்ந்தபோது உள்ளே மழை பெய்கிற மாதிரி கண்ணாடி விழுந்துகொண்டிருந்தது. தகரம் அனலாகக் கொதித்தது. ஒன்று வெடித்தால் அதன் சில்லு பக்கத்துச் சீசாவின் தேய்த்த இடத்தில் அடிக்கும், அதுவும் வெடிக்கும். வாசலில் இஞ்சித் தண்ணீர் நுரைத்துக்கொண்டு ஓடியது. அப்பா நனைத்த சாக்கைத் தலையில் போட்டுக்கொண்டு உள்ளே போய்ப் பெட்டி பெட்டியாக இழுத்து வெளியில் தள்ளிக்கொண்டிருந்தார்.

"வந்துடுங்க! அய்யோ, போனா போவுது, வந்துடுங்க!" அம்மா அலறினாள். நான் அவர் சட்டையைப் பிடித்து இழுத்தேன். என் கையை உதறினார்.

"ஓரத்துப் பெட்டியெல்லாம் இன்னும் நிக்குது. அத்த மட்டும் எடுத்துட்டா ஞாயித்துக்கெழமைக்குப் போதும்மா. உடு!"

உள்ளே போனார். சத்தம் வந்தது. அப்பா இரண்டு கையாலும் முகத்தைப் பொத்திக்கொண்டு அந்த நுரையில் முட்டி போட்டு உட்கார்ந்தார். விரல் இடுக்கில் ரத்தம்.

கண் ஆஸ்பத்திரியில் இடது கண் போய்விட்டது என்றார்கள். வலது கண் எப்படி என்று கட்டைப் பிரித்த பிறகுதான் சொல்ல முடியுமாம். இரண்டையும் சேர்த்துக் கட்டியிருந்தார்கள். அப்பா கண்ணைப் பற்றி ஒன்றும் கேட்கவில்லை. "எவ்ளோ நின்னுது?" என்று மட்டும் கேட்டுக்கொண்டே இருந்தார். வண்டிக்காரர் வந்தபோது, "அண்ணாத்தே, நீ தூங்குண்ணா" என்று சொல்லிவிட்டு வராந்தாவுக்கு வந்து தூணில் சாய்ந்து அழுதார். ஒன்றுகூட நிற்கவில்லை. அப்பா வெளியே இழுத்துப் போட்ட பெட்டிகள் வெயிலில் கிடந்து வெடித்துவிட்டன.

ஈஸ்டர் ஞாயிற்றுக்கிழமை மத்தியானம். வார்டு வெந்துகொண்டிருந்தது. "ஜில்லுனு ஏதாச்சும் வாங்கியாயேன் கண்ணு, தொண்ட காயுது" என்றார் அப்பா. கேட்டுக்கு வெளியே ஒரே ஒரு கடை. கடையில் சிவப்புப் பெட்டி. கடைக்காரர் கையை விட்டு ஒன்றை எடுத்து, மூடியைத் திறந்து, ஈரத்தோடு என்னிடம் நீட்டினார். வெள்ளைக் கண்ணாடி, கழுத்தில் சிவப்புப் பெயின்டில் என் பெயர். கம்பெனிக்காரர்கள் விற்க ஆரம்பித்துவிட்டார்கள் என்று எனக்கு அப்போதுதான் தெரிந்தது. வேறு சோடா இல்லையா என்றேன். இதுதான் இப்போது ஓடுகிறது என்றார். அப்பாவுக்குத் தொண்டை காய்கிறது. வாங்கிக்கொண்டு வந்தேன்.

அப்பா இரண்டு கையாலும் வாங்கினார். அவர் கட்டைவிரல் வழக்கம்போல் சீசாவின் வயிற்றுக்குப் போயிற்று, எங்கள் எழுத்து இருக்கிற இடத்துக்கு. தடவினார். மறுபடி தடவினார். கட்டுக்குக் கீழே அவர் வாய் விரிந்தது.

"நல்லா தேச்சிகீறியேம்மா," என்றார். "சொரசொரப்பே இல்ல. இது நின்னுச்சா?"

அம்மா முந்தானையை வாயில் அடைத்துக்கொண்டாள். "நின்னுச்சுப்பா," என்றேன்.

"நான் சொல்லல? ஓரத்துப் பெட்டி நிக்கும்னு சொல்லல?" அவர் சீசாவைக் காதோரம் கொண்டுபோய்ச் சாய்த்தார். கொஞ்ச நேரம் அப்படியே வைத்திருந்தார். பிறகு வாயில் வைத்து ஒரு மிடறு குடித்தார்.

அந்த மிடறு வாயிலேயே நின்றது. துப்பப் போகிறார் என்று நான் டம்ளரை எடுத்தேன். துப்பவில்லை, விழுங்கினார். முகத்தில் இருந்த சிரிப்பு மட்டும் போய்விட்டது. மிச்சத்தையும் நிறுத்தாமல், மருந்து குடிக்கிற மாதிரி கடைசிச் சொட்டு வரைக்கும் குடித்தார். காலி சீசாவை என் பக்கம் நீட்டினார்.

"கடையில திருப்பிக் குடுத்துடு," என்றார். "அவன் சீசாவ அவன் தேடுவான்."

வராந்தா முழுக்க அழுதுகொண்டே நடந்தேன். கேட்டுச் சுவரைத் தாண்டும்போது அதை ஓங்கி அடித்து நொறுக்க வேண்டும் என்று கை பரபரத்தது. கடைக்காரர் என் முகத்தைப் பார்க்காமலே வாங்கி, மற்ற காலி சீசாக்களோடு பெட்டியில் செருகினார்.